ஒரு பழம், ஒரு ஷாட்: கதையில்லாக் குறும்படம் எடுத்த அனுபவம்

கதை இல்லாத குறும்படம் ஒன்று எடுக்கப் போகிறேன் என்று தருமபுரியில் யாரிடம் சொன்னாலும், "அப்ப டாக்குமெண்டரியா?" என்று கேட்பார்கள். இல்லை என்றால், "விளம்பரமா?" என்பார்கள். அதுவும் இல்லை என்றதும் பேச்சு மழைக்கோ மாங்காய் விலைக்கோ நகர்ந்துவிடும். கேட்பவர்களைக் குறை சொல்ல முடியாது. ஆவணப்படம் தகவல் தருகிறது, விளம்பரம் பொருளை விற்கிறது, கதைப்படம் ஒருவருக்கு நேர்ந்ததைச் சொல்கிறது. இந்த மூன்று வேலையையும் செய்யாமல், அசைவையும் ஒளியையும் ஒலியையும் கால அளவையும் மட்டும் நம்பி ஒரு படம் நிற்க முடியும் என்பதை வாயால் விளக்கிப் புரியவைக்க முடியாது. அந்த வகைப் படம் வெளிநாட்டிலிருந்து நேற்று வந்திறங்கியதும் அல்ல. 1948-இல் தொடங்கப்பட்ட அரசுப் படத்தயாரிப்பு நிறுவனமான ஃபிலிம்ஸ் டிவிஷனில், அணைக்கட்டுகளையும் ஐந்தாண்டுத் திட்டங்களையும் பற்றிய செய்திப்படங்களுக்கு நடுவே, இயக்குநர் பிரமோத் பதி 1968-இல் விளக்கவுரை ஏதுமில்லாமல் வேகமான வெட்டுகளாலும் ஒலித்துண்டுகளாலும் 'எக்ஸ்ப்ளோரர்' என்ற படத்தை அரசுப் பணத்திலேயே எடுத்திருக்கிறார்.

நான் எடுத்தது புளி உடைப்பதைப் பற்றிய ஒரு சிறு படம். அதை எடுத்தபோது கற்றவற்றை, இதே வேலையில் இறங்க நினைப்பவர்களுக்குப் பயன்படும் என்பதால் எழுதுகிறேன்.

முதலில் பொருளைத் தேர்ந்தெடுப்பது. இந்தப் பக்கத்தில் கேமரா வாங்கியவர்கள் எல்லாரும் முதலில் போவது ஒகேனக்கல்லுக்குத்தான். நானும் போயிருக்கிறேன். பாறைகளுக்கு நடுவே விழும் தண்ணீரும் வட்டமிடும் பரிசலும் எந்தக் கோணத்தில் வைத்தாலும் அழகாக விழும், அதுதான் சிக்கல். தானாகவே காட்சியாக வந்து நிற்கும் ஒன்றில் படம் எடுப்பவருக்குச் செய்வதற்கு மிச்சம் இருப்பது குறைவு. இதற்கு மாறாக, தினமும் கண்ணில் பட்டும் யாரும் நின்று பார்க்காத, ஆனால் தனக்கென ஒரு தாளம் உள்ள வேலையைத் தேடுவது நல்லது. தருமபுரியிலும் கிருஷ்ணகிரியிலும் அப்படிப்பட்ட வேலைக்குப் பஞ்சமே இல்லை: பட்டுக்கூட்டிலிருந்து நூல் எடுப்பது, கருங்கல்லில் வரிசையாகத் துளை போட்டு ஆப்பு அடிப்பது, மாம்பழக்கூழ் ஆலைக்குள் பெங்களூரா மாங்காய் உருண்டு இறங்குவது. ஆலைக்குள் நுழைய அனுமதி வாங்குவது ஒரு தனிப் படத்துக்கான உழைப்பு. புளிக்கு அது தேவையில்லை. மாசி, பங்குனியில் பாலக்கோட்டுப் பக்கம் எந்த ஊருக்குள் போனாலும், ஒரு வேப்பமர நிழலிலோ நீலத் தார்ப்பாய்க்குக் கீழோ நான்கைந்து பெண்கள் உட்கார்ந்து புளி தட்டிக்கொண்டிருப்பார்கள்.

வேலை இப்படி நடக்கும். மரத்திலிருந்து உலுக்கி எடுத்த பழத்தைக் களத்தில் வெயிலில் காயவைக்கிறார்கள். காய்ந்ததும் கட்டையால் தட்டி ஓட்டை நீக்குகிறார்கள். பிறகு நாரை உருவி எடுத்து, பழத்தை ஒரு கல்லின் மேல் வைத்து, சின்னச் சுத்தியால் தட்டிக் கொட்டையைப் பிதுக்கி வெளியே தள்ளுகிறார்கள். நான் படம் எடுத்த இடத்தில் அந்தக் கல், பாலிஷ் பட்டறையில் கழித்துப் போட்ட கிரானைட் துண்டு. ஒரு பக்கம் கண்ணாடியைப் போலப் பளபளக்கும், தட்டுகிற பக்கம் சொரசொரப்பாக இருக்கும். கூலி கிலோக் கணக்கில். புளி ஒரு பக்கம், கொட்டை ஒரு பக்கம், ஓடும் நாரும் ஒரு பக்கம் என்று குவியும். எதுவும் வீண் போவதில்லை, கொட்டைகூட மாவாகித் துணி ஆலைகளில் நூலுக்குக் கஞ்சி போடப் போகிறது.

கதை இல்லை என்றதும் எதை எங்கே வைத்தாலும் படம் ஆகிவிடும் என்று நினைக்கத் தோன்றும். உண்மையில் கதைப்படத்தைவிட இதில்தான் கட்டுப்பாடு அதிகமாக வேண்டும், ஏனெனில் 'அடுத்து என்ன?' என்ற ஆவல் பார்வையாளரை இழுத்துக்கொண்டு போகாத இடத்தில், ஒரு ஷாட் ஏன் முடிந்தது, அடுத்தது ஏன் அங்கே தொடங்கியது என்பதற்கு வேறொரு காரணம் படத்துக்குள்ளேயே இருந்தாக வேண்டும். அந்தக் காரணத்தை நாம் வெளியிலிருந்து கொண்டுவந்து திணித்தால் அது செயற்கையாகத் தெரியும். எடுக்கும் பொருளிடமிருந்தே அதை வாங்கிக்கொள்ள வேண்டும். நான் வைத்துக்கொண்ட விதிகள் இரண்டே. ஒரு ஷாட் என்பது ஒரு பழம்: சுத்தி முதலில் விழுவதிலிருந்து கடைசிக் கொட்டை வெளியேறும் வரை. ஒரு பழத்தில் மூன்று கொட்டையும் இருக்கும், பத்தும் இருக்கும். அதனால் ஷாட்டின் நீளத்தைத் தீர்மானித்தது என் ரசனை அல்ல, பழம். இரண்டாவது விதி, ஷாட்டுகளை எடுத்த வரிசையில் அடுக்காமல் ஒலியின் வரிசையில் அடுக்குவது. காலையில் பனி இறங்கிய பழம் தட்டும்போது ஈரத்துணியில் அடித்தது போல மந்தமாக ஒலிக்கும். உச்சிவெயிலில் காய்ந்தது படீரென்று கூர்மையாகக் கேட்கும். படம் மந்தத்தில் தொடங்கிக் கூர்மையில் முடிகிறது. பார்த்தவர்களில் எவரும் இந்த விதிகளைக் கண்டுபிடித்துச் சொன்னதில்லை. ஆனால் விதியை மீறி நான் அடுக்கிப் பார்த்த பதிப்பில், "இங்கே ஏதோ இடறுகிறது" என்று பலரும் ஒரே இடத்தைத்தான் காட்டினார்கள்.

அனுமதி பற்றி ஒரு வார்த்தை. கைகளை மட்டும்தானே எடுக்கிறோம், முகம் வராதே, எனவே கேட்கத் தேவையில்லை என்று எண்ணிவிடக் கூடாது. ஊருக்குள் கையை வைத்தே ஆளைச் சொல்லிவிடுவார்கள். மணிக்கட்டில் குத்திய பச்சை, உடைந்து ஒட்டவைத்தது போன்ற நகம், ஒரு குறிப்பிட்ட வளையல் என எல்லாமே பெயர்ப்பலகைதான். அங்கே இருந்த அக்கா ஒருவர், "மூஞ்சியை எடுக்கலைன்னா நாங்க எப்படி அதுல இருப்போம் தம்பி?" என்று கேட்டார், பக்கத்தில் இருந்தவர் அவருடைய கையைப் பிடித்துக் காட்டி, "இந்தச் சூட்டுத் தழும்பு போதாதா?" என்று பதில் சொல்லிவிட்டார். இன்னொன்று, கிலோக் கணக்கில் கூலி வாங்குகிறவரிடம் "இன்னொரு முறை தட்டுங்கள்" என்று கேட்பது அவருடைய வருமானத்தில் கைவைப்பதாகும். நான் எதையும் திரும்பச் செய்யச் சொல்லவில்லை. கேமராவுக்காக இடம் மாறி உட்கார்ந்த நேரத்துக்கு, அந்த நேரத்தில் எவ்வளவு புளி தட்டியிருப்பார்களோ அதற்கான கூலியைக் கொடுத்தேன். எவ்வளவு என்பதை அவர்களே சொன்னார்கள். கூடுதலாக நீட்டியதை வாங்கவில்லை.

கேமரா விஷயத்தில் விலை உயர்ந்த கருவி எதுவும் தேவைப்படவில்லை. ஷட்டரையும் (ஒவ்வொரு ஃபிரேமுக்கும் ஒளி உள்ளே விழும் நேரம்) நிறச் சமநிலையையும் கையால் பூட்டிவைக்க முடிந்தால் போதும், கைபேசியிலும் அதற்கான செயலிகள் இருக்கின்றன. நம் நாட்டு மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால், டியூப்லைட்டும் மலிவான எல்இடி விளக்கும் நொடிக்கு நூறு முறை துடிக்கின்றன. பல கைபேசிகள் தாமாகத் தேர்ந்துகொள்ளும் 30 ஃபிரேம், 1/60 ஷட்டர் அமைப்பில் அந்தத் துடிப்பு படத்தில் பட்டைபட்டையாக நகரும். 25 ஃபிரேம், 1/50 ஷட்டர் என்று வைத்தால் அந்தத் தொல்லை பெரும்பாலும் போய்விடும். 25-ஐத் தேர்ந்துகொள்ள எனக்கு இன்னொரு காரணமும் இருந்தது. ஒரு ஃபிரேம் என்பது சரியாக 40 மில்லி நொடி. தட்டல்களை எண்ணிக் கணக்குப் போட்டு வெட்டுகிறவருக்கு இந்த முழு எண் பெரிய நிம்மதி.

டிஜிட்டல் தராசைப் படம் எடுக்கும்போது மட்டும் இந்த 1/50 ஷட்டர் விதியைத் தளர்த்தினேன். அதன் சிவப்பு எண்களில் எல்லாக் கோடுகளும் ஒரே கணத்தில் எரிவதில்லை. ஒவ்வொன்றாக, நம் கண்ணுக்குத் தெரியாத வேகத்தில் மாறி மாறி எரிகின்றன. வெயிலுக்காக ஷட்டரை வேகமாக்கினால் 8 என்ற எண் பாதியாகவோ, இல்லாமலோ தெரியும். ஷட்டரை 1/25-க்கு இறக்கி, அதிகமான வெளிச்சத்தை என்டி ஃபில்டரால் (லென்ஸின் முன் வைக்கும் கறுப்புக் கண்ணாடி) குறைத்தபோதுதான் எண்கள் முழுமையாக வந்தன. படத்திலேயே நீளமான, வெட்டில்லாத ஷாட் அந்தத் தராசுதான்: மூட்டையை வைத்ததும் எண் ஏறி, தடுமாறி, இறங்கி, நிலைக்கு வருகிறது. தட்டல் எல்லாம் கூலியாக மாறும் இடம் அது என்பதால், அங்கே வெட்டக் கை வரவில்லை.

ஒலிக்குத்தான் நான் அதிகம் மெனக்கெட்டேன், பிறருக்கும் அதையே சொல்வேன். மாசி, பங்குனி என்றால் இந்தப் பக்கத்தில் திருவிழாக் காலம். மயானக் கொள்ளை முடிந்த கையோடு அடுத்த ஊரில் காப்புக் கட்டிவிடுவார்கள். எங்கோ இரண்டு கிலோமீட்டர் தள்ளிக் குழாய் ஒலிபெருக்கியில் ஓடும் சினிமாப் பாட்டு, காற்று திரும்பினால் மைக்கின் வாயருகே வந்து நிற்கும். அதை எந்த மென்பொருளாலும் சுத்தமாக நீக்க முடியாது; இணையத்தில் ஏற்றினால் பதிப்புரிமைக் கோரிக்கையும் கூடவே வரும். இதற்கு எனக்குக் கிடைத்த தீர்வு, மின்னணு உதிரிபாகக் கடைகளில் மிகக் குறைந்த விலைக்குக் கிடைக்கும், அதிர்வை மின்சைகையாக மாற்றும் பீசோ வில்லை. நாணயம்போல் தட்டையான அந்த வில்லையை இரட்டைப்பக்க ஒட்டுநாடாவால் கிரானைட் துண்டின் அடியில் ஒட்டினால், அது காற்றில் வருவதை அநேகமாகக் கேட்காது. கல்லுக்குள் ஓடும் அதிர்வை மட்டும் எடுக்கும். ரெக்கார்டரின் மைக் துளையில் அதை நேராகச் செருகினால் அடிச்சுருதி எல்லாம் போய்த் தகரத்தைத் தட்டியதுபோல் கேட்கும். நடுவில் அதற்கேற்ற சிறு ப்ரீஆம்ப் (முன்பெருக்கி) ஒன்று தேவை. அளவை மைனஸ் 12 டெசிபெலுக்குக் கீழே வைத்துக்கொள்ள வேண்டும், ஏனெனில் சுத்தியின் முதல் அடி எப்போதும் நாம் எதிர்பார்த்ததைவிடப் பெரிதாகவே விழும்.

கல்லுக்குள்ளிருந்து வரும் ஒலி வேறோர் உலகம். வெளியே 'டக்' என்று முடிந்துவிடும் தட்டல், உள்ளே ஒரு தாழ்ந்த முழக்கமாக நீண்டு அடங்குகிறது. இரண்டு பேர் ஒரே கல்லைப் பகிர்ந்துகொண்டு தட்டும்போது ஒருவரின் முழக்கம் அடங்குவதற்குள் மற்றவரின் அடி விழுகிறது. இந்த ஒலியைக் கேட்ட பிறகு, படத்துக்கு இசை சேர்க்கும் எண்ணத்தைக் கைவிட்டேன். பின்னணி இசை போட்டால் உணர்ச்சி இன்னதென்று அது சொல்லிக்கொடுத்துவிடும். அதற்குக் கதையையே வைத்திருக்கலாம்.

படத்தின் நடுவில் கேமராவின் முன் எதுவும் நடக்காத ஒரு பகுதி உண்டு. அமெரிக்கரான ஸ்டான் பிராக்கேஜ் 1963-இல் செத்த விட்டில்களின் இறக்கைகளையும் இலைகளையும் ஒளி ஊடுருவும் இரு நாடாக்களுக்கு நடுவே ஒட்டி, கேமராவே இல்லாமல் ஒரு படம் செய்தார். கூடை கூடையாகக் கிடந்த புளியநாரைப் பார்த்தபோது அந்த முறையை முயலத் தோன்றியது. அகலமான இரண்டு ஒட்டுநாடாக்களுக்கு நடுவே நாரைப் பதித்து, எல்இடி பலகைமேல் வைத்து, மேலிருந்து மேக்ரோ லென்ஸால் ஒவ்வொரு படமாக எடுத்தேன். இங்கே முக்கியம், ஒவ்வொரு படத்துக்கும் நாடாவை எவ்வளவு நகர்த்துகிறோம் என்பது. 35 மில்லிமீட்டர் ஃபிலிமில் ஓர் அடிக்கு 16 ஃபிரேம், அதாவது ஒன்றுக்கு 19 மில்லிமீட்டர். அதே அளவு நகர்த்தினால் ஒவ்வொரு ஃபிரேமும் முற்றிலும் வேறாக இருப்பதால் திரை பளிச்பளிச்சென்று துடிக்கும். இரண்டு மூன்று மில்லிமீட்டர் மட்டும் நகர்த்தினால் அதே நார் நெளிந்து ஊர்கிற புழுவைப்போல் உயிர்பெறும். ஒரே நாடாவை இரண்டு விதமாகவும் எடுத்து, ஊர்வதிலிருந்து துடிப்புக்குப் படிப்படியாக மாற்றினேன். புளியின் பிசின் ஏறிய விரலால் லென்ஸையோ கைபேசித் திரையையோ தொட்டுவிட்டால் உலர்துணிக்கு அது போகாது. ஈரத்துணி ஒன்று மடியிலேயே இருக்கட்டும்.

படத்தொகுப்பில் பெரிய போராட்டம், கதை தானாக உள்ளே நுழைவதைத் தடுப்பது. இரண்டு ஷாட்டுகளை அடுத்தடுத்து வைத்தால் மனித மனம் அவற்றுக்கு நடுவே ஓர் உறவைக் கட்டாமல் விடாது; நூறாண்டுகளுக்கு முன் ரஷ்யாவில் இயக்குநர் குலெஷோவ், ஒரே முகத்தை வெவ்வேறு பொருள்களோடு ஒட்டிக் காட்டி இதை விளக்கினார். என்னிடம் ஓர் அழகான ஷாட் இருந்தது. தார்ப்பாய் கட்டிய அதே கொம்பில் தொங்கும் தூளி, உள்ளே தூங்கும் குழந்தை, தட்டலின் அதிர்வில் மெல்ல ஆடுகிறது. தாளத்துக்கும் அது பொருந்தியது. ஆனால் அதைச் சேர்த்த அடுத்த கணமே படம் முழுவதும் 'ஏழைத் தாயின் துயரம்' ஆகிவிட்டது; அதன் பிறகு வரும் ஒவ்வொரு கையையும் பார்வையாளர் அந்தத் தாயின் கை என்றே வாசித்தார். அந்தத் துயரம் பொய்யென்று நான் சொல்லவில்லை. அதைச் சொல்ல வேண்டுமானால் கூலி எவ்வளவு, யார் தருகிறார், முதுகுவலிக்கு மருத்துவம் எங்கே என்பதையெல்லாம் ஒழுங்காகச் சொல்லும் வேறொரு படம் வேண்டும். ஆறு நிமிடத் தாளத்துக்கு நடுவே ஒரு தூளியைத் தொங்கவிட்டுக் கண்கலங்க வைப்பது அவர்களுக்கும் நியாயம் செய்யாது. தூளியை எடுத்துவிட்டேன். இப்படிப்பட்ட படங்களில் மிக அழகான ஷாட்டின்மேல்தான் அதிகச் சந்தேகம் வைக்க வேண்டும் என்பது என் கருத்து.

முதல் திரையிடலை அந்தப் புளிக் களத்திலேயே வைத்தேன். இரவல் வாங்கிய புரொஜெக்டர், சுவரில் வேட்டி. திரைப்பட நண்பர்களிடம் காட்டியபோது அவர்கள் தாளம், அமைப்பு என்றெல்லாம் பேசினார்கள். பயன்படக்கூடிய விமர்சனம் இங்கேதான் கிடைத்தது. வயதில் மூத்த பெரியம்மா ஒருவர், "இது பழைய புளி, கண்ணு. எங்க புளி இப்படிக் கறுத்திருக்காது" என்றார். புதுப் புளி செம்பழுப்பாக இருக்கும், நாள் ஆக ஆகக் கறுக்கும்; விலையே அந்த நிறத்தில்தான் இருக்கிறது, அதைக் காப்பதற்காகவே வியாபாரிகள் குளிர்பதனக் கிடங்குக்கு வாடகை கொடுக்கிறார்கள். நீலத் தார்ப்பாய் வழியாக இறங்கிய ஒளி செம்மையைத் தின்றிருந்தது, அதற்கு மேல் நான் நிழல்களை ஆழமாக்கியதில் இன்னும் கறுத்துவிட்டது. எங்களுக்கு அது 'மனநிலை'. அவர்களுக்கு அது மட்டமான சரக்கு. நிறத்தை ஒப்பிட்டுப் பார்க்க உதவும் சாம்பல்நிற அட்டையை வைத்து எடுத்திருந்த ஷாட்டுகளைக்கொண்டு நிறத்தை மறுபடி சரிசெய்தேன். அந்த அட்டை இல்லாவிட்டால் ஒளி மாறும் ஒவ்வொரு மணிக்கும் ஒரு நிறம் என்று படம் சிதறியிருக்கும். டாவின்சி ரிசால்வ் என்ற படத்தொகுப்பு மென்பொருளின் இலவசப் பதிப்பே இந்த வேலைக்குப் போதுமானது.

இந்த வகைப் படத்தை யூடியூபில் மட்டும் போட்டுவிட்டு இருக்க வேண்டாம். ஃபிரேமுக்கு ஃபிரேம் மாறும் படத்தை அதன் அமுக்கமுறை தாங்காது. நார்த் துடிப்பு முழுவதும் கட்டம் கட்டமாகச் சிதறியது. 4கே அளவில் ஏற்றினால் ஓரளவு தேறும், அவ்வளவுதான். திரையில் காட்ட இந்தப் பக்கத்தவர்களுக்கு ஒரு வசதி உண்டு: கிருஷ்ணகிரியிலிருந்து இரண்டு மணி நேரப் பேருந்துப் பயணத்தில் பெங்களூரு. இவ்வகைப் படங்களுக்கென்றே 2003-இல் மும்பையில் தொடங்கிய எக்ஸ்பெரிமெண்டா விழா பின்னர் அங்கேதான் இடம் மாறியது. திருவனந்தபுரத்தில் கேரளச் சலச்சித்ர அகாடமி நடத்தும் ஆவணப்பட, குறும்பட விழாவும், 1990 முதல் நடந்துவரும் மும்பை சர்வதேச விழாவும் கவனிக்க வேண்டியவை. படம் குறுகியதாக இருந்தால் தொகுப்பு ஒன்றில் நுழைப்பது அவர்களுக்கு எளிது.

விண்ணப்பப் படிவங்கள் எல்லாமே 'கதைச் சுருக்கம்' கேட்கும். அங்கே காலம், வெளி, இருப்பு என்று தத்துவம் எழுதுவதைத் தவிர்த்து, திரையில் என்ன இருக்கிறதோ அதை எழுதுங்கள். நான் எழுதியது இரண்டு வாக்கியம்: கருங்கல் துண்டின் மேல் புளி தட்டப்படுகிறது, ஒரு ஷாட் ஒரு பழத்தின் நேரம் நீடிக்கிறது. காலை ஈரத்தின் மந்த ஒலியிலிருந்து நண்பகலின் கூர்மையான ஒலிக்குப் படம் நகர்கிறது. பிரிவு கேட்கும் இடத்தில் ஆவணப்படம் என்று குறித்துவிட்டால், தகவலை எதிர்பார்க்கும் நடுவர்களிடம் போய்ச் சேரும். பரிசோதனைப் படம் என்றே குறிக்க வேண்டும். நொடிக்கு மூன்று முறைக்கு மேல் துடிக்கும் ஒளி, ஒளியால் வலிப்பு தூண்டப்படக்கூடியவர்களுக்கு ஆபத்தாகலாம். எனவே அந்த எச்சரிக்கையைப் படத்தின் தொடக்கத்தில் வைப்பதோடு விண்ணப்பத்திலும் எழுதிவிட்டால், அரங்க வாசலில் அறிவிப்பு ஒட்ட விழாக் குழுவினருக்கு நேரம் கிடைக்கும்.